பறித்த இலை எரியுமா?

களக்காட்டான்:
நாம் சேர்ந்து எழுதிக் கட்டிக்கொண்டிருக்கும் மருதவெளி என்ற கற்பனை உலகத்தில் திசையன்விளைத் தம்பி நேற்று நிசிப்பச்சை என்று ஒரு செடி நட்டிருக்கிறார். ஓடைக்கரையில் முளைக்குமாம், இரவில் இளம்பச்சையாக ஒளிருமாம். சரி. ஆனால் பனையேறி அதன் இலையைப் பறித்து இடுப்பில் கட்டும் அருவாப்பெட்டியில் செருகிக்கொண்டு ஏறுவானாம், மூன்று ராத்திரிக்கு வெளிச்சம் குறையாதாம். இதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. பறித்த இலை எரியாது. கற்பனைக்கும் ஒரு நியாயம் வேண்டும்.

திசையன்விளையான்:
போன மாதம் பறக்கும் ஆமையைக் கொண்டுவந்தது நீங்கள்தானே அண்ணாச்சி? அதற்கு யாராவது நியாயம் கேட்டோமா? என் அப்பா பனையேறி. விடியும் முன்னே மரத்தடியில் நிற்பார். உச்சியில் உட்கார்ந்து பாளை சீவும்போது ஒரு கை பாளையில், மறு கை அருவாளில். டார்ச்சை எதில் பிடிப்பது? அதைப் பார்த்து வளர்ந்தவன் யோசித்த செடி இது. இலை எரியும்.

பொதிகைச்சாரல்:
முதலில் இது செடியா, காளானா? நம் காட்டில் மழைக்காலத்தில் மக்கிய கட்டை ஒளிர்வது காளானால். இயற்கையில் எந்தச் செடியும் தானாக ஒளிராது. அதை முடிவு பண்ணிவிட்டுச் சண்டை போடுங்களேன்.

களக்காட்டான்:
செடியோ காளானோ, பறித்தால் எரியாது. நான் கண்ணால் பார்த்தவன். சின்ன வயதில் மாஞ்சோலை எஸ்டேட்டில் மாமா வீட்டுக்குப் போயிருந்தேன். மூன்று நாள் விடாத மழை. வீட்டுக்குப் பின்னால் விழுந்து கிடந்த கொம்பு ஒன்று இருட்டில் அரிசி கழுவிய தண்ணீர் மாதிரி மங்கலாக, கொஞ்சம் பச்சை கலந்து தெரிந்தது. பக்கத்தில் கை வைத்தால் விரல் நிழலாகத் தெரியும், அவ்வளவுதான். ஒரு துண்டை உடைத்துத் தூக்குச்சட்டியில் போட்டு ஊருக்குக் கொண்டுவந்தேன். மறுநாள் ராத்திரி தெருப்பிள்ளைகளை எல்லாம் கூட்டி மூடியைத் திறந்தால் வெறும் கட்டை! காய்ந்துபோயிருந்தது. அன்றைக்குப் பட்ட அவமானம் இன்னும் மறக்கவில்லை. லூசிபெரின் என்ற பொருள் ஆக்சிஜனோடு சேர்ந்தால்தான் ஒளி வரும். அதற்கு ஈரம் வேண்டும், உயிர் வேண்டும். பறித்த இலையில் எது மூன்று நாள் நிற்கும்?

திசையன்விளையான்:
உங்கள் கட்டை காய்ந்ததற்கு என் இலை என்ன செய்யும்? 2020ல் காளானின் மரபணுக்களைப் புகையிலைச் செடியில் வைத்து ஒளிர வைத்தார்கள். பழுத்த வாழைப்பழத் தோலைப் பக்கத்தில் வைத்ததும் ஒளி கூடியது. தோலிலிருந்து வரும் எத்திலீன் வாயுதான் காரணம். 2024ல் அமெரிக்காவில் ஒளிரும் பெட்டூனியா பூச்செடி விற்பனைக்கே வந்துவிட்டது. அருவாப்பெட்டியில் ஒரு பழத்தோலைப் போட்டுக்கொண்டால் போச்சு. களக்காட்டில் வாழைக்கா பஞ்சம்?

களக்காட்டான்:
வாழையை இழுக்காதே. அது வேரோடு நின்ற செடி. பறித்த இலை இல்லை. பறித்த இலை எரியாது, எத்தனை தடவை சொல்ல?

தென்காசிச்சீமை:
ஓடைக்கரை என்று எழுதியதே தப்பு. அருவிச் சாரல் படும் பாறையில்தான் இது முளைக்கும். குற்றாலத்தை வைத்துக்கொண்டு உங்களுக்கு ஏன் ஓடை?

பாளையங்கோட்டை:
2019ல் திருநெல்வேலியிலிருந்து தென்காசி மாவட்டம் பிரிந்தபோது அருவியை எடுத்துக்கொண்டு போனது நீங்கள்தான். எங்களுக்கு ஓடை போதும்.

தென்காசிச்சீமை:
நாங்களா பிரித்தோம்? மனுக் கொடுக்க நாள் முழுக்கத் திருநெல்வேலிக்கு அலைந்தவனுக்குத்தான் அந்த அருமை தெரியும்.

பொதிகைச்சாரல்:
செடியா, காளானா? இலையை அரைத்துப் புண்ணுக்குப் போடலாம் என்றும் எழுதியிருக்கிறார். காளான் என்றால் நான் போட விடமாட்டேன்.

களக்காட்டான்:
புண்ணை அப்புறம் பார்க்கலாம். போன வருடம் மருதவெளி ஆற்றை வடக்கே திருப்பாதீர்கள் என்று படித்துப் படித்துச் சொன்னேன். யாரும் கேட்கவில்லை. இப்போது மூன்று ஊருக்குத் தண்ணீர் இல்லாமல் கதை நிற்கிறது. இதிலும் அதுதான் நடக்கும். வேண்டுமானால் வேரோடு எடுத்து ஈரமண் சட்டியில் வை. பரிசல்துறையில் வரிசையாக வைத்தால் ராத்திரியில் கரை தெரியும். அதற்கு நான் மறுப்பே சொல்லமாட்டேன்.

திசையன்விளையான்:
சட்டியைத் தலையில் வைத்துக்கொண்டா பனை ஏறுவார்கள்? பரிசலுக்கு வேறு செடி தேடிக்கொள்ளுங்கள். இது பனையேறிக்கு வந்த செடி. ஒரு வரியும் மாற்றமாட்டேன்.

களக்காட்டான்:
மாற்றாதே. அடுத்த அத்தியாயம் என் கையில்தான் இருக்கிறது. உன் பனையேறி பாதி மரத்தில் இருக்கும்போது இலை அணையும்.