தாயம் விழ 1/16-ஆ, 1/8-ஆ?

கேள்வி: இரண்டு தாயக்கட்டை, ஒவ்வொன்றிலும் 0, 1, 2, 3 என நான்கு முகம். சேர்த்து உருட்டினால் தாயம், அதாவது மொத்தம் 1, விழ நிகழ்தகவு என்ன? 1/4 × 1/4 = 1/16 என்று போட்டேன், தங்கை 1/8 என்கிறாள்.

பதில்: தங்கை சொல்வதுதான் சரி. மர வரைபடம் போடுங்கள், முதல் கட்டைக்கு நாலு கிளை, ஒவ்வொரு நுனியிலும் மறுபடி நாலு, ஆக 16 பாதை. 0 பிறகு 1, 1 பிறகு 0 என இரண்டு பாதையில் தாயம் வருகிறது, நீங்கள் ஒன்றை விட்டுவிட்டீர்கள். பாதை நெடுக நிகழ்தகவுகளைப் பெருக்கி (1/4 × 1/4 = 1/16), அப்புறம் பாதைகளைக் கூட்டணும் (1/16 + 1/16 = 1/8).

கேள்வி: புரிந்தது! மூன்று முறை விழாவிட்டால் நாலாவது முறை வாய்ப்பு கூடுமா?

பதில்: கூடாது, அதே 1/8தான், இவை சார்பிலா நிகழ்ச்சிகள், அதாவது ஒரு முறை விழுவது அடுத்த முறையைப் பாதிக்காது. மூன்று முறையும் விழாமல் போக 7/8 × 7/8 × 7/8 = 343/512, கிட்டத்தட்ட மூன்றில் இரண்டு பங்கு.