புதுப்பிப்பு: கிழவரின் கண் வரும் அந்தக் கார்ட்டூன் கிடைத்துவிட்டது

போன வாரம் கேட்டிருந்தேனே, ஒரு கிழவரின் கண், தரைக்கு அடியில் இதயத்துடிப்பு, பெயர் நினைவில்லை என்று? கண்டுபிடித்தாயிற்று. அமெரிக்க எழுத்தாளர் எட்கர் ஆலன் போ 1843இல் வெளியிட்ட ‘தி டெல்-டேல் ஹார்ட்’ கதையை வைத்து யுபிஏ என்ற அமெரிக்கக் கார்ட்டூன் ஸ்டுடியோ 1953இல் எடுத்த குறும்படம். இயக்கம் டெட் பார்ம்லி. எட்டு நிமிடம்கூட இல்லை.

முதலில் ஒரு திருத்தம். பொம்மைகளை வைத்து எடுத்த படம் என்று அடித்துச் சொல்லியிருந்தேன். தப்பு, வரைந்த படம்தான். மறுத்தவர்களிடம் வீம்பு பிடித்ததற்கு மன்னிக்கவும்.

நேற்று இரவு விளக்கை அணைத்துவிட்டு மறுபடி பார்த்தேன். கிழவரைக் கொன்றுவிட்டுக் கதை சொல்லும் கொலைகாரனின் முகத்தைக் காட்டுவதே இல்லை. அவன் நிழல், அவன் பார்வை, நடிகர் ஜேம்ஸ் மேசனின் குரல், அவ்வளவுதான். “நான் பைத்தியமில்லை” என்று அவன் விளக்க விளக்க நமக்குப் பயம் ஏறுகிறது. கதையில் லாந்தரிலிருந்து சிலந்தி நூல் போல ஒரே ஒரு கதிர் அந்தக் கண்மேல் விழும். அந்த இடத்துக்காகவே மூலக்கதையையும் படித்துவிடுங்கள்.

யுபிஏ குறைவான அசைவுக்குப் பேர்போனது. மற்ற படங்களில் அது சிக்கனமாகத் தெரியலாம். இங்கே அசையாத படிக்கட்டைப் பார்க்கவே வயிற்றைப் பிசைகிறது.

ஆஸ்கர் பரிந்துரையோடு நின்றுவிட்டது. விருது டிஸ்னி படத்துக்குப் போனது. சரி, 2001இல் பாதுகாக்க வேண்டிய படங்களின் பட்டியலான அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்துவிட்டார்கள்.