கோபானிக்குத் திரும்பும் குடும்பம்: புறப்படுமுன் முடிக்க வேண்டியவை

கேள்வி:
துருக்கியில் கிம்லிக் (தற்காலிகப் பாதுகாப்பு அடையாள) அட்டையோடு இருக்கும் குர்துக் குடும்பம், 2014இல் ஐஎஸ் அமைப்பின் முற்றுகையில் சிரியாவின் வடக்கு எல்லை ஊரான கோபானியை விட்டு வந்தவர்கள். பிள்ளைகள் இருவரும் துருக்கியில் பிறந்தவர்கள். வீட்டுக்குத் தாபு (அரசு பதிவு செய்த உரிமைப் பத்திரம்) இல்லை. விற்பனை ஒப்பந்தம் மட்டும் இருக்கிறது. எல்லை தாண்டுமுன் எதை முடிக்க வேண்டும்?

பதில் 1:
முதலில் பிள்ளைகளின் பதிவு. சிரியாவில் குடியுரிமை தகப்பன் வழியாகவே வரும். பெற்றோரின் திருமணம் இமாம் முன்னால் மட்டும் நடந்து, அரசுப் பதிவில் ஏறாமல் இருந்தால் பிள்ளையைத் தகப்பன் பெயரில் சேர்ப்பது சிக்கலாகும். பிறப்புச் சான்று, அதன் அரபு மொழிபெயர்ப்பு, பள்ளிச் சான்று, தடுப்பூசி அட்டை எல்லாவற்றையும் கிம்லிக் செல்லுபடியாகும்போதே வாங்கிவிடுங்கள்.

தன்விருப்பத் திரும்பல் படிவத்தைக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள். கையெழுத்து விழுந்தால் தற்காலிகப் பாதுகாப்பு முடிந்தது. தாமாகத் திரும்பியவர் என்பதைக் குறிக்கும் வி-87 குறியீடு பதிவாகும், அதன்பின் துருக்கிக்குள் திரும்ப நுழைவது பெரும்பாலும் முடியாது. 2025 சனவரி முதல் சூலை 1 வரை குடும்பத்தில் ஒருவர் மூன்று முறை சிரியாவுக்குப் போய்ப் பார்த்துவர இருந்த அனுமதியும் முடிந்துவிட்டது. புரியாத மொழியில் எதிலும் கையெழுத்துப் போடவே வேண்டாம்.

பதில் 2:
தாபு இல்லாதது அவர்கள் குற்றமில்லை. எல்லையோர நிலத்தைப் பதிவு செய்ய அரசின் முன் அனுமதி வேண்டும் என்று சிரியாவில் 2008இல் 49ஆம் ஆணை வந்தது. குர்துப் பகுதிகளில் எத்தனையோ வீடுகள் அதனால்தான் ஒப்பந்தத்தோடு நின்றுபோயின. பழைய மின், தண்ணீர் ரசீதுகளையும் குடும்பப் பதிவேட்டையும் சேர்த்து வையுங்கள். அக்கம்பக்கத்தார் சாட்சியும் கைகொடுக்கும். எல்லாவற்றையும் படமெடுத்து வெளிநாட்டு உறவினர் ஒருவரிடம் கொடுத்துவையுங்கள்.

1962 கணக்கெடுப்பில் குர்துகள் பலரின் சிரியக் குடியுரிமை பறிபோனது ஹசக்கா மாகாணத்தில்தான். கோபானி அலெப்போ மாகாணத்தைச் சேர்ந்தது. தகப்பன் வழி ஹசக்காவிலுள்ள கமிஷ்லி, அமுதா பக்கம் என்றால் அந்தக் குடியுரிமைப் பதிவையும் பாருங்கள்.

பதில் 3:
காகிதம் சரியானாலும் வீட்டுக் கதவைத் தாமாகத் திறக்க வேண்டாம். ஐஎஸ் பின்வாங்கும்போது கதவு, குளிர்பெட்டி, படிக்கட்டு என்று அன்றாடம் கைபடும், கால்படும் இடங்களில்தான் பொறிவெடி வைத்தது. இடிபாட்டுக்குள் வெடிக்காத எறிகணைகளும் இருக்கும். ஆண்டுகள் போனால் வெடிமருந்து செத்துவிடும் என்று நம்பாதீர்கள். துருவேறிய விசை இன்னும் மோசம், லேசாகத் தொட்டாலே வெடிக்கலாம்.

அந்தத் தெருவில் கண்ணிவெடி அகற்றிவிட்டார்களா என்று அங்கேயே குடியிருப்பவர்களிடம் கேளுங்கள். இடிபாட்டை மண்வெட்டியால் கிளற வேண்டாம், புல்லுக்குத் தீ வைக்க வேண்டாம். சந்தேகமான பொருள் கண்ணில் பட்டால் அப்படியே நின்று, மற்றவர்களைக் கத்தி எச்சரியுங்கள். வந்த காலடித் தடம் தெளிவாகத் தெரிந்தால் அதன்மேலேயே திரும்புங்கள். தெரியாவிட்டால் உதவிக்கு ஆள் வரும்வரை அசையாமல் நில்லுங்கள். பிள்ளைகள் இரும்பு, அலுமினியத் துண்டு பொறுக்கப் போகாமல் முதல் நாளே சொல்லிவையுங்கள்.