படத்தொகுப்பாளராக விரும்புபவர் எந்தப் புத்தகங்களிலிருந்து தொடங்க வேண்டும்?

நெல்லைச் சீமை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். திருநெல்வேலியில் இயற்பியலில் இளநிலைப் பட்டம் பெற்றுவிட்டு, ஒன்றரை ஆண்டாக ஒரு தனியார் நிறுவனத்தில் கணக்கு எழுதும் வேலையில் இருக்கிறேன். மாலை நேரங்களில் எங்கள் தெருவில் ஸ்டுடியோ வைத்திருக்கும் ஓர் அண்ணனுக்குக் கல்யாண வீடியோக்களைத் தொகுத்துக் கொடுக்கிறேன். அந்த வேலையில்தான் இந்த ஆசை பிறந்தது. தாலி கட்டும் நேரத்தில் மாப்பிள்ளையின் கையைக் காட்டுவதா, பெண்ணைப் பெற்ற தாயின் முகத்தைக் காட்டுவதா என்று யோசித்துக்கொண்டே நள்ளிரவைத் தாண்டிய நாள்கள் உண்டு. திரைப்படத் தொகுப்பாளராக வேண்டும் என்று முடிவு செய்துவிட்டேன்.

எந்தப் புத்தகங்களை, எந்த வரிசையில் படிக்க வேண்டும் என்பது என் முதல் கேள்வி. புத்தகங்களுக்கென்று மூவாயிரம் ரூபாய் சேர்த்து வைத்திருக்கிறேன். ஆங்கிலம் படிப்பேன், ஆனால் மெதுவாகத்தான் படிக்க முடியும். இந்தத் தொழிலுக்குள் நுழைந்து நிலைப்பது எப்படி என்று சொல்லும் புத்தகம் உண்டா என்பது இரண்டாவது. “நீச்சலைப் புத்தகத்தில் படித்துக் கற்றுக்கொண்டவர் உண்டா?” என்று அப்பா கேட்கிறார். அவரிடம் சொல்ல என்னிடம் நேர்மையான பதில் ஒன்று இருக்க வேண்டும். வேலையை விட்டுவிட்டுச் சென்னைக்கு வந்துவிடலாமா என்பதையும் இத்தொழிலில் இருப்பவர்கள் சொன்னால் உதவியாக இருக்கும்.

வெட்டும் ஒட்டும் எழுதியது:

வணக்கம் தங்கை. பதினான்கு ஆண்டுகளாகச் சென்னையில் எடிட் சூட்டில், அதாவது படத்தொகுப்பு அறையில், இருக்கிறேன். உதவியாளராகச் சேர்ந்து இப்போது இணைத் தொகுப்பாளராக வேலை பார்க்கிறேன்.

ஒரே ஒரு புத்தகம்தான் வாங்க முடியும் என்றால், ஹாலிவுட் படத்தொகுப்பாளர் வால்டர் மர்ச் எழுதிய ‘இன் தி பிளிங்க் ஆஃப் ஆன் ஐ’ என்ற நூலை வாங்குங்கள். 1988இல் சிட்னியில் அவர் ஆற்றிய உரையிலிருந்து வளர்ந்த நூல் அது; ஆகவே பேச்சு நடையில் இருக்கும், மெல்லிய புத்தகமும்கூட. ஆங்கிலம் மெதுவாகப் படிப்பவர்கூட இரண்டு வாரத்தில் முடித்துவிடலாம். ஒரு வெட்டு சரியாக அமைந்திருக்கிறதா என்று பார்க்க ஆறு அளவுகோல்களைச் சொல்லி, ஒவ்வொன்றுக்கும் அவர் ஒரு மதிப்பு கொடுக்கிறார்: உணர்ச்சிக்கு 51 விழுக்காடு, கதைக்கு 23, தாளத்துக்கு 10, பார்ப்பவரின் கண் திரையில் எங்கே நிற்கிறது என்பதற்கு 7, திரையின் தட்டையான பரப்புக்கு 5, காட்சி நடக்கும் இடத்தின் முப்பரிமாண ஒழுங்குக்கு 4. கன்டினியூட்டி, அதாவது ஷாட்டுக்கு ஷாட் பொருளும் ஆளும் இடம் மாறாமல் தொடர்வது, என்று நாம் உயிரை விடுவது கடைசி நான்கு விழுக்காட்டில்தான் வருகிறது. முன் ஷாட்டில் இடக்கையில் இருந்த டம்ளர் அடுத்த ஷாட்டில் வலக்கைக்கு மாறிவிட்டது என்பதற்காக, நடிகரின் மிகச் சிறந்த பார்வையைத் தூக்கி எறிந்த தொகுப்பாளர்களை நான் பார்த்திருக்கிறேன். முதல் மூன்று ஆண்டுகள் நானும் அதையே செய்தேன். உங்கள் கல்யாண வீடியோவில் கையா, முகமா என்று தடுமாறினீர்களே, அது இந்த 51 விழுக்காட்டுக் கேள்விதான். அந்தக் கேள்வி உங்களுக்குத் தானாகவே வந்திருப்பதால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

‘தி கான்வர்சேஷன்’ படத்தைத் தொகுத்தபோது, தான் வெட்ட நினைத்த இடத்துக்கு மிக அருகிலேயே நடிகர் ஜீன் ஹேக்மன் பலமுறை கண்ணிமைத்திருப்பதை மர்ச் கவனித்தார். ஓர் எண்ணம் முடிந்து அடுத்த எண்ணம் தொடங்கும் இடத்தில் மனிதன் கண்ணிமைக்கிறான் என்ற கருத்து அங்கிருந்துதான் விரிகிறது. நூலின் பெயருக்கும் அதுவே காரணம்.

அந்த நூலில் ஒரு பயிற்சி இருக்கிறது. ஷாட்டை ஓடவிட்டு, வெட்ட வேண்டும் என்று தோன்றும் கணத்தில் நிறுத்துங்கள். எந்த ஃபிரேமில், அதாவது எந்தத் தனிப்படத்தில், நின்றது என்று குறித்துக்கொள்ளுங்கள். மறுபடியும் முதலிலிருந்து ஓடவிட்டு, குறிப்பைப் பார்க்காமல் நிறுத்துங்கள். நொடிக்கு 24 ஃபிரேம்கள் ஓடும்போது இரண்டு முறையும் கை ஒரே ஃபிரேமில் நின்றால் அந்த ஷாட்டை நீங்கள் உணர்ந்துவிட்டீர்கள் என்று பொருள். மாறி மாறி நின்றால், அந்த ஷாட்டை அணுகிய விதத்தில் ஏதோ பிழை இருக்கிறது. எங்கள் சூட்டுக்குப் புதிதாக வரும் உதவியாளர்களிடம் இதைத்தான் முதலில் செய்யச் சொல்கிறேன். இதற்குச் செலவே இல்லை. டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பு போதும்.

இரண்டாவதாக சிட்னி லூமட் எழுதிய ‘மேக்கிங் மூவீஸ்’ நூலைப் படியுங்கள். அவர் இயக்குநர் என்றாலும், தொகுப்பாளர் படிக்க வேண்டிய நூல் அது. ‘12 ஆங்ரி மென்’ படத்தில் முதல் மூன்றில் ஒரு பகுதியைக் கண்மட்டத்துக்கு மேலிருந்தும், அடுத்த பகுதியைக் கண்மட்டத்திலும், கடைசிப் பகுதியைக் கண்மட்டத்துக்குக் கீழிருந்தும் எடுத்ததாகவும், படம் நகர நகர லென்ஸின் குவியத் தூரத்தைக் கூட்டிக்கொண்டே போய்ச் சுவர்கள் நெருங்கி வருவதைப் போல உணரச் செய்ததாகவும் அதில் விளக்கியிருக்கிறார். தொகுப்பு மேசைக்கு வந்து சேரும் ஒவ்வொரு ஷாட்டுக்குப் பின்னாலும் இப்படி ஒரு முடிவு இருக்கலாம் என்று தெரிந்தவர் கையில் கிடைப்பதைக் கண்ணை மூடிக்கொண்டு வெட்ட மாட்டார்.

மூன்றாம் வரிசை எழுதியது:

நான் தொழிலில் இருப்பவன் அல்லன். கல்லூரி ஆசிரியன், இருபது ஆண்டுகளாகத் திரைப்படச் சங்கம் ஒன்றில் படங்களைத் திரையிட்டு வருபவன். மேலே எழுதியவர் சொன்ன இரண்டு நூல்களும் அருமையானவை என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் வரிசையில் சற்று மாறுபடுகிறேன். மெதுவாக ஆங்கிலம் படிப்பவருக்கு முதல் புத்தகம் தமிழில் இருப்பதே நல்லது. சுஜாதா எழுதிய ‘திரைக்கதை எழுதுவது எப்படி?’ நூலிலிருந்து தொடங்குங்கள். அது எழுத்தாளர்களுக்கான நூல்தானே என்று நினைக்க வேண்டாம். ஒரு காட்சி எதற்காக இருக்கிறது, எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்று பிரித்துப் பார்க்கத் தெரியாதவரால் அதைத் தொகுக்கவும் முடியாது. படத்தொகுப்புக்கென்றே தமிழில் எழுதப்பட்டவை மிகக் குறைவு என்பது எனக்கு நெடுநாளைய வருத்தம்.

அடுத்து சத்யஜித் ராய் எழுதிய ‘அவர் ஃபிலிம்ஸ், தெயர் ஃபிலிம்ஸ்’. உங்கள் அப்பாவின் கேள்விக்கும், வேலையை விடலாமா என்ற உங்கள் கேள்விக்கும் ராயின் வாழ்க்கையே நல்ல விடை என்று நினைக்கிறேன். கொல்கத்தாவில் ஒரு விளம்பர நிறுவனத்தில் வேலை பார்த்துக்கொண்டேதான் அவர் ‘பதேர் பாஞ்சாலி’யைத் தொடங்கினார். 1952 அக்டோபர் 27 அன்று, பூத்துக் குலுங்கிய நாணல் காட்டில் அக்காவும் தம்பியும் வரும் காட்சியை எடுத்தார்கள். வேலைக்குப் போகும் மனிதர் என்பதால் மீதியை எடுக்க அடுத்த ஞாயிறு வரை பொறுத்திருந்து, மீண்டும் அங்கே போய்ப் பார்த்தால் பூக்களையெல்லாம் மாடுகள் மேய்ந்து தீர்த்திருந்தன. மறுபடி பூக்கும் பருவம் வரை அக்காட்சி காத்திருக்க வேண்டியிருந்தது. இடையில் பணமும் தீர்ந்தது. மேற்கு வங்க அரசு கைகொடுத்த பிறகே படம் முடிந்து 1955இல் வெளிவந்தது. அவர் படிக்காமலும் இல்லை, படித்ததோடு நின்றுவிடவும் இல்லை. ரஷ்ய இயக்குநர் புதோவ்கின் எழுதியவற்றைப் படித்தார், லண்டனில் இருந்தபோது ‘பைசிக்கிள் தீவ்ஸ்’ என்ற இத்தாலியப் படத்தைப் பார்த்தார், ஊர் திரும்பி ஞாயிற்றுக்கிழமைகளில் படம் எடுத்தார். அப்பாவிடம் சொல்லுங்கள், புத்தகம் தண்ணீராகாது, ஆனால் எந்த இடத்தில் ஆழம் என்று சொல்லும்.

இன்னொன்று. புத்தகத்தைப் படமில்லாமல் படிக்காதீர்கள். பாலு மகேந்திரா இயக்கி, ஒளிப்பதிவும் படத்தொகுப்பும் தாமே செய்த ‘வீடு’ படத்தில், கட்டி முடியாத வீட்டைப் பார்க்க முதியவர் தனியே வரும் காட்சி இருக்கிறது. அதை ஒருமுறை ஒலியோடும், ஒருமுறை ஒலியை அடைத்துவிட்டும் பாருங்கள். ஒவ்வொரு வெட்டுக்கும் எதிரே, அது ஏன் அங்கே விழுந்தது என்று நோட்டில் ஒரு வரி எழுதுங்கள். காரணம் எழுத முடியாத வெட்டுகளை அடிக்கோடிட்டுக்கொண்டு, அவற்றுக்காகப் புத்தகத்தைத் திரும்பத் திறவுங்கள்.

பழைய கிளாப் எழுதியது:

உங்கள் இரண்டாவது கேள்விக்கு மட்டும் பதில் சொல்கிறேன். நான் ஏழு ஆண்டுகள் உதவி இயக்குநராக இருந்தவன்.

தொழிலுக்குள் நுழைவதைப் பற்றி எழுதப்பட்டவற்றில் இளைஞர்கள் அதிகம் கையில் எடுப்பது ராபர்ட் ரோட்ரிகஸ் எழுதிய ‘ரெபல் விதவுட் எ க்ரூ’. மருந்துப் பரிசோதனைக்குத் தம் உடலையே கொடுத்துப் பணம் சேர்த்து, ஏறத்தாழ 7,000 டாலரில் ‘எல் மரியாச்சி’ எடுத்த கதை. நாட்குறிப்பாக எழுதப்பட்டிருப்பதால் ஒவ்வொரு நாளும் என்ன உடைந்தது, எப்படிச் சமாளித்தார் என்று தெரிகிறது. சக்கர நாற்காலியில் கேமராவோடு உட்கார்ந்து டிராலி ஷாட் எடுத்ததைப் படித்த நாளில் எனக்குத் தூக்கம் வரவில்லை. ஆனால் அந்தத் தொகையை வேதவாக்காகக் கொள்ளாதீர்கள். ஒரு பெரிய ஸ்டுடியோ அப்படத்தை வாங்கி, ஒலியைச் சீர்செய்து, திரையரங்குப் பிரதியாக்குவதற்குச் செலவிட்டது அதைவிடப் பல மடங்கு. ஊக்கத்துக்காகப் படியுங்கள், உங்கள் வரவு செலவை அதை வைத்துப் போடாதீர்கள்.

நம் ஊர்த் தொழிலின் நடைமுறையைச் சொல்லும் புத்தகம் எதையும் நான் பார்த்ததில்லை. இங்கே அது வாய்வழியாகத்தான் வருகிறது. ஆகவே எனக்கு நடந்ததைச் சொல்கிறேன். ஒரு படத்தில் நாற்பத்தேழு நாள் படப்பிடிப்பு முடிந்த நிலையில் வேலை நின்றது. அன்றாடச் செலவுக்கான பேட்டா வந்துகொண்டிருந்ததால், பேசிய சம்பளத்தைப் பற்றி நான் வாய் திறந்ததே இல்லை. நின்ற பிறகு கேட்டபோது, “எந்தக் காகிதத்தில் எழுதியிருக்கிறது?” என்று திருப்பிக் கேட்டார்கள். என்னிடம் காகிதம் இல்லை. அந்தப் பணம் இன்றுவரை வரவில்லை. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டப்படி திரைப்படத்தின் ஆசிரியராகக் கருதப்படுபவர் தயாரிப்பாளரே. தொகுப்பாளர் எத்தனை இரவு விழித்திருந்தாலும் படத்தின் மீது அவருக்கு இருப்பது ஒப்பந்தத்தில் எழுதியது மட்டும்தான். எனவே பெயர் எப்படி வரும், சம்பளம் எத்தனை தவணை, எந்தக் கட்டத்தில் எந்தத் தவணை என்பதை ஒரு மின்னஞ்சலிலாவது எழுதி வாங்குங்கள்.

வேலையை உடனே விட வேண்டாம். முறையாகப் படிக்க விரும்பினால் பட்டம் பெற்றவர்களுக்குப் புனே திரைப்படக் கல்லூரியில் மூன்றாண்டுப் படத்தொகுப்புப் படிப்பு இருக்கிறது. தரமணியில் உள்ள எம்.ஜி.ஆர். அரசுத் திரைப்படக் கல்லூரியிலும் படத்தொகுப்பு கற்பிக்கிறார்கள். நேராகத் தொழிலுக்கு வருவதென்றால் இப்போது எளிதான வாசல் ஸ்பாட் எடிட்டிங். படப்பிடிப்புத் தளத்திலேயே மடிக்கணினியோடு உட்கார்ந்து, எடுத்த ஷாட்களைச் சூட்டோடு சூடாக ஒட்டி இயக்குநருக்குக் காட்ட வேண்டும். எந்த ஷாட் குறைகிறது என்பது அங்கேயே தெரிந்துவிடும்; ஓராண்டு அங்கே இருந்தால் பத்துப் புத்தகம் படித்த அறிவு வரும்.

நெல்லைச் சீமை எழுதியது:

மூவருக்கும் நன்றி. ஐந்து வாரம் கழித்து எழுதுகிறேன். சுஜாதா முடிந்தது, மர்ச் பாதி ஆகியிருக்கிறது. ஒருநாளைக்கு நான்கு பக்கம் என்று வைத்துக்கொண்டேன்.

எங்கள் ஆச்சி பீடி சுற்றுபவர். அதைக் கைப்பேசியில் ஒரு மணி நேரம் எடுத்து மூன்று நிமிடமாகத் தொகுத்தேன். இலையைக் கத்தரிப்பது, தூளை வைப்பது, சுற்றுவது, நூல் கட்டுவது என்று ஒவ்வொரு கை அசைவும் முடியும் இடத்தில் வெட்டியிருந்தேன். பார்க்கத் திருத்தமாக இருந்தது. ஆனால் எதுவும் தோன்றவில்லை. ஃபிரேம் பயிற்சியைச் செய்து பார்த்தபோது, கை ஷாட்களில் நான் நிறுத்தும் இடம் ஒவ்வொரு முறையும் மாறியது. ஒரே ஒரு ஷாட்டில் மட்டும் மூன்று முறையும் ஏறத்தாழ அதே ஃபிரேமில் நின்றது. ஒரு கட்டு முடிந்ததும் ஆச்சி நிமிர்ந்து சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துவிட்டுக் குனியும் ஷாட் அது. இப்போது கடிகாரத்தைப் பார்க்கும் அந்தப் பார்வைகளை வைத்தே முழுவதையும் மறுபடி அடுக்கியிருக்கிறேன். அப்பா பார்த்துவிட்டு, “அம்மா எதற்கு இத்தனை தடவை மணி பார்க்கிறாள்?” என்று கேட்டார்.

ஒரு கேள்வி மீதம் இருக்கிறது. தெரிந்தவர் மூலம் மதுரைப் பக்கம் எடுக்கும் ஒரு சிறு படத்தில் இருபது நாள் ஸ்பாட் எடிட்டிங்கிற்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். என்ன கேட்டுக்கொள்ள வேண்டும்?

வெட்டும் ஒட்டும் எழுதியது:

அப்பா கேட்டது சரியான கேள்வி. அந்தத் தொகுப்பை அப்படியே வைத்திருங்கள், தேடி வருபவர்களுக்குக் காட்ட உதவும்.

மதுரைக்குக் கிளம்பும் முன் இவற்றைக் கேட்டு எழுதி வாங்குங்கள். மடிக்கணினியும் ஹார்ட் டிஸ்கும் உங்களுடையவையா, அவர்களுடையவையா? உங்களுடையவை என்றால் அதற்குத் தனி வாடகை உண்டா? படப்பதிவின் நகல் எத்தனை டிஸ்கில் இருக்கும், அது தொலைந்தால் யார் பொறுப்பு? பேட்டா சம்பளத்தில் சேர்த்தியா, தனியா? தங்குவதற்குப் பூட்டுள்ள தனி அறை உண்டா, இரவுப் படப்பிடிப்பு முடிந்தால் அறைவரை வண்டி வருமா? கடைசி இரண்டையும் கேட்கத் தயங்க வேண்டாம் தங்கை. ஒழுங்காகப் படம் எடுப்பவர்கள் நீங்கள் கேட்கும் முன்பே சொல்லிவிடுவார்கள். மர்ச்சின் மீதிப் பாதியைப் பையில் எடுத்துச் செல்லுங்கள். லைட்டிங்கிற்குக் காத்திருக்கும் நேரம் நிறையக் கிடைக்கும்.