ரிட் தள்ளுபடி ஆகிவிட்டது, 88 செட் கணக்கை இனி எங்கே கேட்பது?

பட்டறைக்காரன்:
வணக்கம். சின்ன மரப்பட்டறை வைத்திருக்கிறேன். 2023 நவம்பரில் ஓர் அரசு நிறுவனத்துக்கு 400 பெஞ்ச்-டெஸ்க் செட் அனுப்பினோம். செட் 4,600 ரூபாய், மூன்று லாரி லோடு. செலானில் (சரக்கு ஒப்படைப்புச் சீட்டு) அவர்கள் ஸ்டோர்கீப்பரின் கையெழுத்தும் சீலும் இருக்கிறது. ஆறு மாதம் கழித்து '312 செட்தான் வந்தது' என்று கடிதம் அனுப்பினார்கள். அதைச் சொல்லியே 18,40,000 ரூபாய் பில்லையும் மொத்தமாக நிறுத்திவிட்டார்கள். பணத்தைத் தரச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டோம். 'விவாதத்துக்குரிய உண்மைகள், உரிய மன்றத்தை அணுகலாம்' என்று போன மாதம் தள்ளுபடி. செலானைக் காட்டியும் இப்படியா? தோற்றுவிட்டோமா?

கறுப்புக்கோட்டு:
தோற்கவில்லை. உங்கள் 400 பொய் என்று கோர்ட் எங்கேயும் சொல்லவில்லையே. அரசியலமைப்பின் 226-வது பிரிவில் வரும் ரிட்டை இரண்டு பக்கப் பிரமாணப் பத்திரங்களை வைத்தேதான் பெரும்பாலும் முடிப்பார்கள். நீங்கள் 400 என்கிறீர்கள், அவர்கள் 312 என்கிறார்கள். யார் சொல்வது சரி என்று தெரிய ஸ்டோர்கீப்பரைக் கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்ய வேண்டும். ரிட்டில் அதைப் பொதுவாகச் செய்வதில்லை.

செய்யவே கூடாது என்றும் இல்லை. ஏபிஎல் இன்டர்நேஷனல் வழக்கில் (2003 டிசம்பர்) உச்ச நீதிமன்றம், உண்மைகள் பற்றித் தகராறு இருப்பதாலேயே ரிட்டைத் தள்ள வேண்டியதில்லை என்றது. ஆனால் அது ஒப்பந்த வாசகத்தைப் படித்துப் பொருள் கொள்ளும் வழக்கு. உங்களுடையது சரக்கை எண்ணும் வழக்கு. செலான் சீலில் 'சரிபார்ப்புக்கு உட்பட்டது' என்று இருக்கிறதா, பாருங்கள். இருந்தால் அந்தக் கையெழுத்து மட்டும் எண்ணிக்கையை உறுதிசெய்யாது.

உத்யம் பதிவு (சிறு தொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவு) சப்ளைக்கு முன்பே எடுத்ததா?

பட்டறைக்காரன்:
2021-லேயே எடுத்தாச்சு சார். சீலில் நீங்கள் சொன்ன அதே வாசகம்தான் இருக்கிறது! இத்தனை நாள் கவனிக்கவே இல்லை.

கறுப்புக்கோட்டு:
அப்படியென்றால் 2006-ஆம் வருட குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டத்தின் 18-வது பிரிவில் வசதியாக்கல் மன்றத்துக்குப் போங்கள். தமிழ்நாட்டில் சென்னை, கோவை, மதுரை, திருச்சியில் இருக்கிறது. முதலில் சமரசம், முடியாவிட்டால் நடுவர் விசாரணை. அங்கே சாட்சியை விசாரிக்கலாம். 45 நாளைத் தாண்டிய பாக்கிக்கு ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதம்போல் மூன்று மடங்கு, மாதா மாதம் கூட்டுவட்டி.

இன்னொன்று, 312 வந்ததாக அவர்களே எழுதிவிட்டார்கள். அதன் விலை 14,35,200. அந்தத் தொகைக்கு மட்டும் இடைக்கால அவார்டு (நடுவர் தீர்ப்பு) கேளுங்கள். முழுத் தொகைக்கும் சண்டை போட்டுக்கொண்டிருக்க வேண்டாம்.

காலக்கெடு சப்ளையிலிருந்து மூன்று வருடம். ரிட்டில் போன காலத்தைக் கழிக்கக் காலவரையறைச் சட்டத்தில் 14-வது பிரிவு உண்டு. அதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள்.

பழைய சப்ளையர்:
தம்பி, சட்டம் சரி. 400-இல் 312 போக 88. உங்கள் மூன்று லோடில் எதுவாவது 88 செட்டா?

பட்டறைக்காரன்:
ஐயோ. ஆமாம் அண்ணா, 156, 156, 88. கடைசி லோடுக்கு கோடவுனில் இடமில்லை என்று ஸ்டோர்கீப்பர் போனிலேயே ஒரு பள்ளிக்குத் திருப்பிவிட்டார். இ-வே பில்லில் (லாரியோடு போகும் ஜிஎஸ்டி சீட்டு) கோடவுன் முகவரிதான் இருக்கிறது. செலானில் மட்டும் மறுநாள் மொத்தமாகக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்.

பழைய சப்ளையர்:
அவ்வளவுதான் விஷயம். வாய் உத்தரவில் சரக்கு இறக்குவது நம் தொழிலின் சாபக்கேடு, நானும் இரண்டு முறை பட்டிருக்கிறேன். டிரைவரைப் பிடியுங்கள்.

கறுப்புக்கோட்டு:
அந்தப் பள்ளியின் இருப்புப் பதிவேட்டு நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், 30 நாளில் பதில் தர வேண்டும். கடைசி லோடு பள்ளிக்குப் போனதை ரிட் மனுவில் சொன்னீர்களா?

பட்டறைக்காரன்:
இல்லை சார். 'கோடவுனில் 400 ஒப்படைத்தோம்' என்றுதான் எழுதியிருந்தோம். டிரைவர் இப்போது வேறு வண்டி ஓட்டுகிறார், நம்பர் தேடிக்கொண்டிருக்கிறேன்.