செல்லூர் சொந்தங்கள் (வாட்ஸ்அப் குழு)

கார்த்தி: சரவணன் அண்ணே, ஒரு உதவி. பாப்பா காதுகுத்து வீடியோவுக்கு அப்பத்தா தாலாட்டை லேப்டாப்பில் பதிவு செய்கிறேன். ரீப்பர் என்கிற ரெக்கார்டிங் சாஃப்ட்வேரில் உறுமி லூப் (திரும்பத் திரும்ப ஓடும் தாளம்) ஓடுகிறது, அப்பத்தா ஹெட்போனில் கேட்டுக்கொண்டே பாட வேண்டும். ஆனால் அப்பத்தாவுக்குத் தன் குரலே பிந்திக் கேட்கிறதாம். "எவடா எனக்குப் பின்பாட்டு பாடுறவ"ன்னு கழற்றி வைத்துவிட்டது 😂

சரவணன்: ஹெட்போன் ப்ளூடூத்தா?

கார்த்தி: ஆமாண்ணே, புதுசு.

சரவணன்: அதை ஓரமாக வை. பெரும்பாலான ப்ளூடூத் ஹெட்போன் 100 மில்லிசெகண்டுக்கு மேல் தாமதிக்கும். ஒயர் உள்ளதைப் போடு. பஃபர் சைஸ், அதாவது லேப்டாப் ஒரு தடவைக்குச் சேர்த்து வைக்கும் சாம்பிள் எண்ணிக்கை, எவ்வளவு?

கார்த்தி: 1024. சாம்பிள் ரேட் நொடிக்கு 48000.

சரவணன்: அப்படியென்றால் ஒரு பக்கத்துக்கே 21 மில்லிசெகண்ட் தாமதம். மைக்கிலிருந்து உள்ளே, ஹெட்போனுக்கு வெளியே, இரண்டும் சேரும். தாமதத்தைக் குறைக்கும் ஆசியோ4ஆல் டிரைவர் இலவசம்தான், அதைப் போட்டு பஃபரை 128-க்கு இறக்கு, ஒரு பக்கத்துக்கு 3 மில்லிசெகண்டுக்குள் வந்துவிடும். மிக்ஸ் செய்யும்போது பஃபரை மறுபடி ஏற்றிக்கொள், இல்லாவிட்டால் லேப்டாப் திணறிப் படபடவென்று வெடிக்கும்.

செல்வி அக்கா: டேய், இதுக்கெல்லாம் காசு கட்டணுமா?

கார்த்தி: ரீப்பர் 60 நாள் சும்மா பார்க்கலாம் அக்கா. அப்புறம் 60 டாலர்.

செல்வி அக்கா: சரி. தாலாட்டுக்கு எதுக்குடா உறுமி? பிள்ளை தூங்கவா, சாமி ஆடவா?

சரவணன்: 🤣 அக்கா சொல்வதுதான் சரி. லூப்பையே எடுத்துவிடு. அப்பத்தா ஆராரோவை மூச்சு உள்ளவரை இழுக்கும், லூப் அதற்காக நிற்காது. முதலில் ஹெட்போனே இல்லாமல் தனியாகப் பாடட்டும். பிறகு வரிக்கு வரி டெம்போ மார்க்கர் (பாட்டின் வேகத்தைக் காட்டும் குறி) வைத்துக்கொள்ளலாம். நான் அதை ஹெட்போனில் கேட்டுக்கொண்டே மேலே புல்லாங்குழல் வாசிக்கிறேன். அந்த 128 பஃபர் எனக்குத்தான் தேவைப்படும்.

கார்த்தி: பின்னால் தறிச்சத்தம் கேட்கிறதே அண்ணே? ஆடாசிட்டி சாஃப்ட்வேரில் நாய்ஸ் ரிடக்‌ஷன் கொடுத்தேன், அப்பத்தா கிணற்றுக்குள் இருந்து பாடுகிற மாதிரி ஆகிவிட்டது.

சரவணன்: ஃபேன் இரைச்சல் மாதிரி ஒரே சீராக வருவதைத்தான் அது ஒழுங்காக எடுக்கும். தறி விட்டுவிட்டு அடிக்கிறது, அதைக் குறைக்கப் போனால் குரலையும் சேர்த்துத் தின்றுவிடும். தறி ஓடாத நேரத்தில் எடுப்பதுதான் வழி.

பெரியம்மா: ஞாயிற்றுக்கிழமை பக்கத்து வீட்டில் தறி ஓடாதுப்பா. காலையிலேயே வாங்க, மத்தியானம் அப்பத்தா தூங்கிவிடும்.

சரவணன்: சரி பெரியம்மா. ஜமுக்காளம் இரண்டு எடுத்து வையுங்க, வெறும் சுவரில் குரல் எதிரொலிக்கும், மாட்டிவிடலாம்.

பெரியம்மா: கல்யாண ஜமுக்காளத்தில் ஆணி அடிக்கக்கூடாது, இப்பவே சொல்லிட்டேன்.