கேத்லீன் பைரன்: எந்தப் படத்திலிருந்து தொடங்கலாம்?

பிரிட்டிஷ் நடிகை கேத்லீன் பைரனிடம் எல்லோரும் 'பிளாக் நார்சிஸஸ்' (1947) வழியாகத்தான் வருகிறார்கள், அங்கேயே நின்றும் விடுகிறார்கள். 'புத்தி பேதலித்த கன்னியாஸ்திரீ' என்று முத்திரை குத்தி ஆளை முடித்துவிடுவது வழக்கம். அதற்கு முந்தைய வருடம் வந்த 'எ மேட்டர் ஆஃப் லைஃப் அண்ட் டெத்' படத்தை முதலில் பாருங்கள். பூமி வண்ணத்தில், மேலுலகம் நிறமே இல்லாமல். இறந்து வரும் விமானப்படை ஆட்களை வரவேற்கும் தேவதை இவர். நண்பனுக்காகக் காத்திருக்கும் வீரனோடு பேசும் இடத்தில் குரல் எவ்வளவு இதமாக இருக்கிறது!

—

சரிதான். ஆனால் 'பிளாக் நார்சிஸஸ்' படத்தின் அந்தக் கன்னியாஸ்திரீயை, சிஸ்டர் ரூத்தை, மட்டமான பிரதியில் பார்க்காதீர்கள். மூன்று தனித்தனி நெகடிவ்களில் பதிவான டெக்னிகலர் (அந்தக் கால வண்ணப்பட முறை) அது. காலப்போக்கில் ஒவ்வொன்றும் வெவ்வேறு அளவில் சுருங்கும். சரியாகப் பொருத்தாவிட்டால் உதட்டோரத்தில் நிறம் கசியும். உதட்டுச்சாயக் காட்சியே கெட்டுப்போகும். எதிரே தலைமைக் கன்னியாஸ்திரீயாக வரும் டெபரா கெர் பைபிளைத் திறக்க, நடுவே மெழுகுவர்த்தி, இவர் நிதானமாகச் சிவப்புப் பூசுகிறார். அதுவரை வெள்ளை அங்கிகளையே பார்த்துப் பழகிய கண்ணுக்கு அந்தச் சிவப்பு சவால் மாதிரி விழ வேண்டும். டிவியில் நிறங்களைத் தூக்கிக் காட்டும் 'விவிட்' மோடை அணைத்துவிடுங்கள். ஒளிப்பதிவுக்கு ஜாக் கார்டிஃப் ஆஸ்கர் வாங்கிய படம், டிவி அதைத் திருத்த வேண்டியதில்லை.

—

'பிளாக் நார்சிஸஸ்' இறுதிக் காட்சிக்கு ஒரு குறிப்பு. பிரையன் ஈஸ்டேலின் இசையை முதலில் அமைத்துவிட்டு, அதற்கேற்பக் காட்சியை எடுத்தார்கள். பைரனின் நடையும் திரும்பலும் தாளத்தில் விழுவது அதனால்தான். சத்தத்தைக் குறைத்துப் பார்த்தால் நடிப்பு மிகையாகத் தெரியும். மணிமேடைக்குக் கீழே தெரியும் அதலபாதாளம் ஓவியம். கதை நடக்கும் இமயமலைக்குப் படக்குழு போகவே இல்லை, பெரும்பகுதி லண்டனுக்கு அருகே பைன்வுட் ஸ்டுடியோ.

அப்புறம் கையோடு 'தி ஸ்மால் பேக் ரூம்' (1949). ரூத் வெறியோடு துரத்திய அதே டேவிட் ஃபரார்தான் இதிலும் ஜோடி. இங்கே குடிப்பழக்கத்துக்கும் வலிக்கும் இடையில் தவிக்கும் வெடிகுண்டு நிபுணர் அவர். அவரைத் தாங்கிப் பிடிக்கும் காதலி சூசன் இவர். கண்ணை உருட்டாமல், குரலை உயர்த்தாமல். என் கணக்கில் இவருடைய சிறந்த வேடம் இதுதான், ரூத் அல்ல.

—

சூசன் விஷயத்தில் முழு உடன்பாடு. அதன் பிறகு அந்த உயரத்தில் வேடம் கிடைக்கவில்லை என்பதுதான் வருத்தம். ஹாலிவுட்டில் 'யங் பெஸ்' (1953), பிறகு தொலைக்காட்சி, சில திகில் படங்கள். 'தி எலிஃபண்ட் மேன்' (1980) படத்தில் கண் சிமிட்டினால் தவறவிடுவீர்கள்.

'சேவிங் பிரைவேட் ரயன்' (1998) எல்லோரும் பார்த்திருப்பீர்கள். கல்லறைத் தோட்டத்தில் முதிய ரயனின் பக்கத்தில் வரும் மனைவி இவர்தான், படம் வந்தபோது வயது 77. பெயர்ப்பட்டியலில் 'வயதான மிஸஸ் ரயன்' என்ற வரியில் நிறுத்திப் பாருங்கள்.